இருப்பும் இருப்பிடமும்

ஒரு பொருள் நம்மிடம் இருக்கின்றது என்பதற்கும், அப்பொருள் இன்ன இடத்தில் இருக்கின்றது என்பதற்கும் இடையே உள்ள தொலைவு சிறிதன்று. வேண்டிய வேளையிற் கைக்கு எட்டாத பொருள், இருந்தும் இல்லாத பொருளேயாகும். நெல் எந்தப் பெட்டகத்தில் இருக்கின்றது என்பதை மறந்த இல்லத்தரசி பட்டினி கிடப்பதில்லை. இரண்டு மூடிகளைத் திறந்து பார்த்தால் உண்மை புலப்பட்டுவிடும். கல்விச் செல்வத்தின் நிலை அத்தகையதன்று. பல்லாயிரம் ஏடுகளுக்கிடையே மறைந்து கிடக்கும் ஒரு கட்டுரையை மூடி திறந்து கண்டுவிட இயலாது. அதற்கு வழிகாட்டி ஒன்று வேண்டும்.

இன்றைய தமிழாசிரியர் ஒருவரின் மேசை லாச்சியை மனக்கண்முன் கொண்டுவருவோம். பென் டிரைவ்கள் நான்கு, துணிப்பையிற் சுற்றிய பழைய வன்தட்டு ஒன்று, புதியது ஒன்று, உறையிலிட்ட இறுவட்டுகள் ஒரு கட்டு, கைத்தொலைபேசியிலிருந்து கழற்றிய நினைவட்டைகள் சில. இவற்றுள்ளே பழஞ் சஞ்சிகைகளின் ஸ்கேன் பிரதிகள் இருக்கின்றன. கடந்த கால வினாத்தாள்கள் இருக்கின்றன. மறைந்த புலவர் ஒருவரின் சொற்பொழிவு ஒலிப்பதிவு இருக்கின்றது. மாணவரின் ஆய்வேடுகளும், பாடசாலை மலர்களும், மணிவிழா மலர்களும் இருக்கின்றன. எல்லாம் இருக்கின்றன. எது எதில் இருக்கின்றது என்று கேட்டால் விடை இல்லை.

இந்நிலை ஒரு தனி மனிதரின் சோம்பலால் விளைந்ததன்று. சேமிக்கும் வசதி பெருகிய வேகத்திற்கு ஈடாகப் பட்டியலிடும் பழக்கம் நம்மிடையே பெருகவில்லை. குறை அங்கேதான் உளது. பட்டியல் இல்லாத சேமிப்பு பூட்டிய அறையேயன்றி நூலகம் ஆகாது. அப்பட்டியலை ஆக்கித் தரவும், வேண்டும் இடத்திற்குக் காவிச் சென்று எந்தக் கணினியிலும் திறந்து காட்டவும் வல்ல சிறு மென்பொருள்கள் இன்று விலையின்றிக் கிடைக்கின்றன. அவற்றின் இயல்பையும், அவற்றைத் தமிழ் ஏடுகளுக்குப் பயன்படுத்துமிடத்து நேரும் இடர்களையும் ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

ஏட்டுக்கு வெளியே ஓர் ஏடு

நூல்களைப் பற்றிய செய்தியை நூல்களுக்கு வெளியே, தனியாக ஓரிடத்திற் குறித்து வைத்தல் என்பது பழமையானதோர் எண்ணம். கி.மு. 3ஆம் நூற்றாண்டில், அலெக்சாந்திரியா நகரத்துப் பெருநூலகத்தோடு தொடர்புற்றிருந்த கல்லிமாக்கசு என்னும் கிரேக்கப் புலவர், 'பினாக்கெசு' என்னும் பெயரால் 120 சுருள்கள் கொண்ட பட்டியல் ஒன்றை ஆக்கினார். ஆசிரியர்களை அவர்தம் துறைவாரியாக வகுத்து, ஒவ்வொருவரின் நூலையும் அவர் அதிற் குறித்தார். நூலின் தொடக்கச் சொற்களையும், அதிலுள்ள வரிகளின் தொகையையும் உடன் குறித்தார் என்பது கருதத்தக்கது. தொடக்கச் சொற்கள் நூலை இனங்காட்டும். வரிகளின் தொகை பிரதி முழுமையானதா என்பதைக் காட்டும். இன்றைய கணினிப் பட்டியல் ஒவ்வொரு கோப்பின் பெயரையும் அதன் அளவையும் அடுத்தடுத்து எழுதுகின்றதன்றோ? இருபத்திரண்டு நூற்றாண்டுகள் கழிந்தும் தேவை ஒன்றாகவே இருக்கின்றது.

நம் காலத்திற்கு அண்மையில், சீர்காழியிற் பிறந்த சீ. இரா. அரங்கநாதன் 1931ஆம் ஆண்டில் நூலக அறிவியலின் ஐந்து விதிகளை வெளியிட்டார். அவற்றுள் நான்காவது, வாசகரின் நேரத்தை வீணாக்காதிருத்தல் பற்றியது. நூல் நூலகத்தில் உளதா என்பது மட்டுமன்று, அதனை வாசகர் எவ்வளவு விரைவிற் பெறுகின்றார் என்பதும் நூலகத்தின் தகுதியை அளக்கும் கோலாகும் என்பது அதன் கருத்து.

ஏடுகள் ஒரு கட்டிடத்தில் அன்றிப் பல இல்லங்களிற் சிதறிக் கிடந்தால் நேரும் துன்பத்தை நம்மவர் நன்கறிவர். சி. வை. தாமோதரம்பிள்ளை 1887ஆம் ஆண்டில் கலித்தொகையைப் பதிப்பித்தபோது, தொட்ட அளவில் உதிரும் ஏடுகளின் நிலையைத் தமது பதிப்புரையில் வருந்தி எழுதினார். எந்தச் சுவடி எந்த வீட்டில் இருந்தது என்பதற்கு அன்று பொதுப் பட்டியல் இல்லை. அப்பெரியார்கள் ஊரூராகத் தேடினர். நாமோ நம் சொந்த லாச்சிக்குள்ளேயே தேடுகின்றோம்.

முதுகு இல்லாத நூல்

அச்சு நூலுக்கு முதுகு உண்டு. றாக்கையில் அடுக்கிய பின்பும் அதன் பெயரை அம்முதுகு சொல்லிக்கொண்டேயிருக்கும். தட்டுக்கு அத்தகைய முதுகு இல்லை. கட்டைவிரல் அளவான 64 ஜிகாபைட் பென் டிரைவ் ஒன்றை எடுத்துக்கொள்வோம். சஞ்சிகை இதழ் ஒன்றின் ஸ்கேன் பிரதி 20 மெகாபைட் என்று கொண்டால், ஏறத்தாழ 3,000 இதழ்கள் அதனுள் அடங்கும். ஒரு சஞ்சிகையின் முழு வாழ்நாளையும் தன்னுள் அடக்கிய அப்பொருள், வெளியே பார்ப்பவருக்கு வெறுங் கறுப்புத் துண்டாகவே தோன்றும். உள்ளே இருப்பதை அறியக் கணினி வேண்டும். அதனோடு பொருத்த வேண்டும். கோப்புறைகளை ஒவ்வொன்றாகத் திறக்க வேண்டும். பத்துத் தட்டுகள் இருந்தால் இவ்வேலை பத்து மடங்கு.

இன்னுமொரு சிக்கல் உண்டு. விண்டோஸ் கணினி, தன்னிடம் வந்து சேரும் தட்டுக்கு 'ஈ', 'எஃப்', 'ஜி' என ஏதேனும் ஓர் எழுத்தைச் சூட்டுகின்றது. அவ்வெழுத்து தட்டுக்கு உரியதன்று. அக்கணத்திற் காலியாக இருந்த எழுத்தே வழங்கப்படுகின்றது. இன்று 'ஈ' என்று அழைக்கப்பட்ட தட்டு, நாளை வேறொரு கணினியில் 'ஜி' ஆகலாம். ஆதலின், 'அந்தக் கட்டுரை ஈ தட்டில் இருக்கின்றது' என்று குறித்து வைப்பது, 'அவர் பஸ்ஸில் மூன்றாம் ஆசனத்தில் இருக்கின்றார்' என்று முகவரி எழுதுவதை ஒக்கும்.

தேடும் வழி இரண்டு

கணினியிற் கோப்புகளைத் தேடும் வழிகள் அடிப்படையில் இரண்டே. ஒன்று, கேட்கும்போதெல்லாம் ஒவ்வொரு கோப்புறையாக நடந்து சென்று பார்த்து வருதல். மற்றையது, முன்னரே ஒரு முறை நடந்து முழுப் பட்டியலையும் எழுதி வைத்துக்கொண்டு, பின்பு அப்பட்டியலை மட்டும் பார்த்து விடை சொல்லுதல். முன்னது றாக்கை றாக்கையாகத் தேடும் ஏவலாளனைப் போன்றது. பின்னது அட்டைப் பட்டியலைப் புரட்டும் நூலகரைப் போன்றது.

யுனிக்ஸ் முறைமையில் முன்னைய வழிக்கு 'ஃபைண்ட்' என்னும் கட்டளை நெடுங்காலமாக உண்டு. 1983ஆம் ஆண்டில் ஜேம்ஸ் வூட்ஸ் என்பவர், யூஸ்னிக்ஸ் சங்கத்தின் செய்தியிதழிற் கோப்புகளை விரைந்து தேடுவது பற்றிச் சிறு கட்டுரை ஒன்று எழுதினார். 'லொக்கேற்' எனப் பின்னர் வழங்கலாயிற்று அம்முறை. எல்லாக் கோப்புகளின் பெயர்களையும் அகரவரிசையில் அடுக்கி, முன்னைய பெயரோடு ஒத்திருக்கும் முற்பகுதியை மீண்டும் எழுதாது, வேறுபடும் பிற்பகுதியை மட்டும் எழுதுவது அவர் கையாண்ட உத்தி. அகராதியில் அடுத்தடுத்து வரும் சொற்களின் தொடக்கம் பெரும்பாலும் ஒன்றாகவே இருப்பதை நோக்குவார்க்கு இவ்வுத்தி எளிதில் விளங்கும். பட்டியல் இதனாற் சுருங்கிற்று, தேடலும் விரைந்தது. பட்டியல் பழையதாயின் விடையும் பழையதாகும் என்னும் குறை மட்டும் எஞ்சிற்று. எல்லாப் பட்டியல்களுக்கும் உரிய குறையே அது.

காவிச் செல்லும் நூலகர்

விண்டோஸ் கணினிகளிற் பட்டியல் வழியாகத் தேடும் மென்பொருள்களுள் 'எவ்ரிதிங்' என்பது சிறந்து விளங்குகின்றது. டேவிட் காப்பென்ரர் என்பவர் ஆக்கி, 'வொய்ட்ரூல்ஸ்' என்னும் பெயரில் இலவசமாக வழங்கிவரும் இம்மென்பொருளைக் கணினியில் நிறுவாமலே இயக்கலாம். அதன் சிறு கோப்புகளைப் பென் டிரைவில் இட்டு, செல்லும் இடத்திற்குக் காவிச் சென்று, அங்குள்ள கணினியில் அதிலிருந்தே திறக்கலாம். அதற்கான அமைப்புகளும் அதே கோப்புறையில் இருக்கும். பாடசாலையில் ஒரு கணினி, வீட்டில் ஒரு கணினி, நூலகத்தில் ஒரு கணினி என மாறி மாறிப் பணியாற்றும் ஆசிரியருக்கும் மாணவருக்கும் இஃது ஏற்ற வசதியாகும்.

அதன் வேகத்திற்குக் காரணம் ஒன்றுண்டு. விண்டோஸ் கணினியின் வன்தட்டுகள் பெரும்பாலும் 'என்.ரி.எஃப்.எஸ்.' என்னும் முறையில் அமைந்தவை. அம்முறையில் ஒவ்வொரு கோப்புக்கும் ஒரு பதிவு, தட்டின் தலைமை அட்டவணையில் எழுதப்படுகின்றது. தட்டுக்குள் இயல்பாகவே ஒரு பதிவேடு இருக்கின்றது என்க. 'எவ்ரிதிங்' கோப்புறை தோறும் நடவாமல் நேரே அப்பதிவேட்டையே படித்துவிடுகின்றது. பின்னர் நேரும் மாற்றங்களையும் தட்டின் மாற்றக் குறிப்பேட்டிலிருந்து அறிந்துகொள்கின்றது. ஏறத்தாழ 120,000 கோப்புகளை ஒரு வினாடியிலும், பத்து இலட்சம் கோப்புகளை ஒரு நிமிடத்திலும் பட்டியலிடலாம் என்பது அதனை ஆக்கியோர் தரும் கணக்கு. பெயரின் ஒரு துணுக்கைத் தட்டச்சுச் செய்யும்போதே விடைகள் திரையிற் சுருங்கிக்கொண்டு வரும்.

அதன் எல்லைகளையும் அறிந்திருத்தல் வேண்டும். முதலாவது, தலைமை அட்டவணையைப் படிப்பதற்குக் கணினி நிருவாகியின் அனுமதி வேண்டும். பொதுக் கணினிகளில் அது கிடையாதாயின், குறித்த கோப்புறைகளை மட்டும் பட்டியலிடுமாறு பணிக்கலாம். அவ்வழி சற்றுத் தாமதமானது. இரண்டாவது, பென் டிரைவ்கள் பெரும்பாலும் 'ஃபாற் 32', 'எக்ஸ்ஃபாற்' ஆகிய முறைகளில் அமைந்தவை. அவற்றில் அத்தகைய தலைமை அட்டவணை இல்லையாதலின், அங்கும் கோப்புறை வழியாகவே செல்ல வேண்டும். மூன்றாவது, அது இயல்பாகத் தேடுவது கோப்பின் பெயரையே, உள்ளடக்கத்தையன்று. பெயரிடுதல் எத்துணை முக்கியமானது என்பது இதனாற் பெறப்படும்.

தட்டு இல்லாமலே தட்டைத் தேடுதல்

இதுகாறும் கூறியது கணினியோடு பொருத்திய தட்டுக்கே பொருந்தும். துணிப்பையிற் கிடக்கும் தட்டை எவ்வாறு தேடுவது? இங்கேதான் பட்டியலின் முழுப்பயனும் வெளிப்படுகின்றது.

'எவ்ரிதிங்' மென்பொருளிற் கோப்புப் பட்டியல் ஆக்கும் வசதி ஒன்றுண்டு. தட்டை ஒரு முறை பொருத்தி, அதன் கோப்புகள் யாவற்றையும் ஒரு பட்டியலாக எழுதிச் சேமிக்கலாம். அப்பட்டியலைத் தேடற் பரப்பினுட் சேர்த்துவிட்டால், தட்டைக் கழற்றிய பின்பும் அதன் கோப்புகளின் பெயர்கள் விடைகளில் வரும். அப்பட்டியல் காற்புள்ளியாற் பிரிக்கப்பட்ட எளிய உரையாக இருப்பதாற் சாதாரண உரைத் தொகுப்பியிலும் திறந்து படிக்கலாம். மென்பொருள் ஒருநாள் வழக்கொழிந்தாலும் பட்டியல் வாழும்; இஃது ஒரு பெருஞ் சிறப்பு. இதே பணிக்கென்றே அமைந்த 'வெர்ச்சுவல் வொல்யூம்ஸ் வியூ' என்னும் இலவச மென்பொருள் விண்டோஸ், லினக்ஸ், ஆப்பிள் கணினிகள் மூன்றிலும் இயங்கும்.

இம்முயற்சியை மேற்கொள்வார் பின்பற்றத்தக்க ஒழுங்கு வருமாறு. முதலிற் தட்டுகள் யாவற்றுக்கும் எண் இடுக. '01', '02' எனத் தொடங்கும் அவ்வெண்ணைத் தட்டின் மேல் ஒட்டுச்சீட்டில் எழுதுக. கணினியில் தோன்றும் தட்டின் பெயராகவும் அதனையே இடுக. பென் டிரைவ்களில் அப்பெயர் 11 எழுத்துக்கு மேற் செல்லாதாதலின் சுருக்கமாக இடுதல் நன்று. அடுத்து, தட்டிலுள்ள யாவற்றையும் 'தட்டு 01' என்னும் ஒரே தலைக் கோப்புறைக்குள் வைத்திடுக. இதனால், தட்டுக்குக் கணினி எந்த எழுத்தைச் சூட்டினும், விடையில் வரும் முகவரியிலேயே தட்டின் எண் தெரியும். லாச்சியிலிருந்து எதனை எடுப்பது என்ற ஐயம் எழாது. பின்னர்ப் பட்டியலை ஆக்குக. ஆக்கிய திகதியைப் பட்டியலின் பெயரிற் சேர்க்குக. தட்டிற் புதியன சேரும்போதெல்லாம் பட்டியலையும் புதுக்குக. இறுதியாக, பட்டியல்கள் யாவற்றையும் மென்பொருளையும் தனியொரு பென் டிரைவில் வைத்து, அதன் பிரதியொன்றை வேறோரிடத்தில் வைத்திடுக.

மென்பொருள் ஒன்றும் கிடையாத இடத்திலும், விண்டோஸின் கட்டளைச் சாளரத்திலுள்ள 'டிர்' என்னும் பழைய கட்டளையைக் கொண்டே பட்டியலை ஒரு கோப்பில் எழுதலாம். ஆனால் அச்சாளரத்தை யுனிகோட் முறையில் எழுதுமாறு திறவாவிடின், தமிழ்ப் பெயர்கள் யாவும் வெறுங் கேள்விக்குறிகளாக மாறிவிடக்கூடும். பட்டியல் இருக்கும், பெயர்கள் இரா. இச்செய்தி நம்மை அடுத்த பகுதிக்கு இட்டுச் செல்கின்றது.

தமிழுக்கே உரிய இடர்கள்

மென்பொருளுக்குத் தமிழ் தெரியாது. அது ஒப்பிடுவது எழுத்தின் வடிவத்தையன்று, எழுத்துக்குரிய எண்ணை. கண்ணுக்கு ஒன்றாகத் தோன்றுபவை அதற்கு வேறு வேறாகலாம். சில எடுத்துக்காட்டுகள் காண்போம்.

யுனிகோட் முறையில் 'கொ' என்பதன் உயிர்க்குறியை ஒரே குறியாகவும் எழுதலாம். ஒற்றைக் கொம்பு, கால் என இரு குறிகளாகவும் எழுதலாம். இரண்டும் திரையில் ஒன்றே. எழுத்துக்கு எழுத்து ஒப்பிடும் மென்பொருளுக்கோ அவை இரண்டு. ஆப்பிள் கணினிகளின் பழைய 'எச்.எஃப்.எஸ். பிளஸ்' முறை இவற்றை எப்போதும் பிரித்தே பதிவு செய்யும்; விண்டோஸ் நாம் எழுதியபடியே வைத்துக்கொள்ளும். ஆதலின் ஆப்பிள் கணினியிலிருந்து வந்த 'தொல்காப்பியம்' விண்டோஸ் கணினியில் தேடுவார்க்கு அகப்படாது போதல் கூடும். 'ஸ்ரீ' என்பதற்கும் இரு வகைக் குறியீடுகள் உள. 2005ஆம் ஆண்டில் யுனிகோட்டிற் புதிதாகச் சேர்க்கப்பட்ட கிரந்த எழுத்தொன்றைக் கொண்டும் அதனை எழுதலாம். பல எழுத்துருக்களில் இரண்டுக்கும் உருவ வேற்றுமை இல்லை. 'ஔ'காரக் குறியை எழுதுமிடத்து 'ள' என்னும் எழுத்தையே பக்கத்தில் இட்டுவிடும் வழக்கமும் உண்டு.

இதற்குக் கைகண்ட பரிகாரம் ஒன்றுளது. ஒகர, ஓகார, ஔகாரக் குறிகள் வாராத துணுக்கைத் தேடுக. 'தொல்காப்பியம்' என்பதற்குக் 'காப்பிய' என்று தேடினாற் போதும். 'தாமோதரம்பிள்ளை' என்பதற்குத் 'தரம்பிள்ளை' என்று தேடலாம். 'தரம்' என்று மட்டும் தேடினால், தரம் 10, தரம் 11 வினாத்தாள்கள் அனைத்தும் அணிவகுத்து வந்து நிற்கும் என்பதை ஆசிரியர்களுக்குச் சொல்ல வேண்டுவதில்லை.

இரண்டாவது இடர், பழைய எழுத்துருக்களால் வருவது. யுனிகோட் பரவுமுன் நம் நாட்டிற் பெருவழக்காக இருந்தது 'பாமினி'. அதில் அச்சிடப்பட்ட 'தமிழ்' என்னும் சொல், கணினிக்குள்ளே 'ஜே', 'கே', 'பி', 'ஓ' என்னும் நான்கு ஆங்கில எழுத்துகளும் ஓர் அரைப்புள்ளியுமேயாகும். அக்காலத்துத் தட்டச்சுச் செய்த ஆய்வேட்டினுள் யுனிகோட் தமிழிற் தேடினால் ஒரு சொல்லும் அகப்படாது. ஸ்கேன் பிரதிகளின் நிலை இதனினும் கடினம். அவை படங்களாதலால், எழுத்துணரும் மென்பொருளால் உரையாக மாற்றப்படாதவரை அவற்றுட் தேடத்தக்க சொல் எதுவும் இல்லை. இவ்விரு வகைக்கும் கோப்பின் பெயர் ஒன்றே கைப்பிடியாகும்.

மூன்றாவது, பெயரின் எழுத்துக்கூட்டல். தாமோதரம்பிள்ளையின் பெயரை ஆங்கிலத்திற் தகரத்தைக் கொண்டு எழுதுவாரும் உளர், டகரத்தின் ஆங்கில எழுத்தைக் கொண்டு எழுதுவாரும் உளர். கோப்புகளுக்கு ஆங்கில எழுத்திற் பெயரிடும் வழக்கம் நம்மிடையே மிகுதியாதலின், ஒரே ஆசிரியர் ஐந்து பெயர்களிற் சிதறிப்போகின்றார்.

ஆகவே, பெயரிடுதற்கு ஒரு மரபு வேண்டும். ஆண்டு, ஆசிரியர், நூல் என்ற ஒழுங்கில் '1887 தாமோதரம்பிள்ளை கலித்தொகை' என இடுவது எளிது. ஆண்டு முன்னிற்பதாற் பட்டியல் தானே கால வரிசையில் அமையும். பெயர் அளவுக்கு மிஞ்சி நீளவும் கூடாது. லினக்ஸ் கணினிகளிற் பெரும்பாலும் ஒரு கோப்புப் பெயர் 255 பைட்டுகளைக் கடவாது. தமிழ்க் குறியொன்று மூன்று பைட்டுகளைக் கொள்ளும். புள்ளியும் கொம்பும் தனித்தனிக் குறிகளாதலின் 'தமிழ்' என்னும் சொல்லே 15 பைட்டுகளாகும். ஆங்கிலப் பெயருக்கு 255 எழுத்து இடமிருக்க, தமிழ்ப் பெயருக்கு 85 குறிகளே இடம். நூலின் உபதலைப்பு முழுவதையும் பெயரில் ஏற்ற விரும்புவார் இதனை நினைவிற் கொள்க.

இழந்தது இன்னதென அறிதல்

இவ்வளவு முயற்சி எதற்கு என்று சிலர் வினவலாம். தேடும் நேரம் மிச்சமாகும் என்பது மட்டுமே பயனாயின், அதனை வசதி என்று சொல்லி விட்டுவிடலாம். பயன் அதனினும் பெரிது.

தட்டுகள் சாகும். வன்தட்டினுட் சுழலும் பகுதிகள் தேய்கின்றன. பென் டிரைவ் ஒருநாள் முன்னறிவிப்பின்றி வாய் திறவாது போகின்றது. இறுவட்டின் மேற்பூச்சு கெடுகின்றது. பட்டியல் இல்லாதவர், தட்டு செத்த அன்று தாம் எதை இழந்தார் என்பதையே அறியமாட்டார். பட்டியல் உள்ளவரோ, இன்ன இதழ்கள், இன்ன ஒலிப்பதிவுகள் போயின என்று விரல் மடித்து எண்ணுவார். அவற்றுள் எவற்றுக்கு இன்னொரு தட்டிற் பிரதி உண்டு என்பதைப் பட்டியலே காட்டும். இல்லாதவற்றை நண்பரிடமோ நூலகத்திலோ பெயர் சொல்லிக் கேட்கலாம். பெயர் தெரியாத பொருளை யாரிடம் சென்று கேட்பது?

பட்டியல் இருந்தால் இத்துன்பத்தை முன்னரே தவிர்க்கவும் கூடும். எல்லாத் தட்டுகளின் பட்டியல்களையும் ஒருங்கு வைத்து அளவுவாரியாக அடுக்கிப் பார்த்தால், ஒரே கோப்பு நான்கு இடங்களில் இருப்பதும், அரிய கோப்பொன்று ஓரிடத்தில் மட்டும் இருப்பதும் புலனாகும். நம்மிற் பலர் பாட விளக்கக் குறிப்புகளை ஐந்து தட்டுகளில் வைத்திருப்பர். வேறெங்கும் கிடையாத ஒலிப்பதிவு ஒன்றைத் தனியொரு தட்டில் விட்டிருப்பர். எதற்கு முதலிற் பிரதி எடுக்க வேண்டும் என்பதைப் பட்டியல் சொல்லிவிடும்.

நூலழிவு என்றவுடன் நம் நெஞ்சில் எழுவது யாழ்ப்பாணப் பொது நூலகம். அரங்கநாதனின் ஆலோசனையும் பெற்று எழுந்து, 1959ஆம் ஆண்டில் திறந்து வைக்கப்பட்ட அந்நூலகம், 1981ஆம் ஆண்டு மே மாதம் 31ஆம் நாள் இரவு தீக்கிரையாக்கப்பட்டது. ஏறத்தாழ 97,000 நூல்களும் அவற்றோடு ஏட்டுச் சுவடிகளும் அழிந்தன. அத்துயரத்திலிருந்து கற்க வேண்டிய பாடங்களுள், அரியதை ஒரே இடத்தில் வைத்தல் தகாது என்பது ஒன்று; பட்டியலை ஏட்டோடு ஒரே கூரையின் கீழ் மட்டும் வைத்தலும் தகாது என்பது மற்றொன்று. 2005ஆம் ஆண்டு முதல் ஈழத்துத் தமிழ் ஆவணங்களை மின்வடிவிற் தொகுத்துவரும் 'நூலகம்' நிறுவனம் ஒவ்வோர் ஆவணத்துக்கும் ஓர் எண் வழங்கிப் பட்டியலிட்டு வருகின்றது. அப்பணியின் உயிர்நிலை அந்தப் பட்டியலிலேதான் உளது. நம் வீட்டு லாச்சிகளிற் கிடப்பவற்றுள், அங்கு இன்னும் சென்று சேராதவை எவை என்பதை அறிய வேண்டுமாயின், நம்மிடமும் ஒரு பட்டியல் இருத்தல் வேண்டும். இரண்டு பட்டியல்களை ஒப்பிடலாம். ஒரு பட்டியலையும் ஒரு துணிப்பையையும் ஒப்பிட இயலாது.

ஆசிரியர் ஒருவர் மறைந்தபின் அவரது தட்டுகள் அவருடைய மக்களின் கைக்கு வருகின்றன. அவர்கள் பொறியியலாளராகவோ கணக்காளராகவோ வெளிநாட்டில் வாழ்வோராகவோ இருக்கலாம். பத்துத் தட்டுகளையும் பொருத்திப் பார்க்க அவர்களுக்கு நேரமும் இராது. எது அரியது என்று தெரியவும் தெரியாது. பழைய தாள்களைப் பொறுத்தவரை, படித்தறியாதவரும் ஓர் ஏட்டைக் கண்டால் எறியத் தயங்குவர். கறுப்புத் துண்டொன்றை எறிய யாரும் தயங்குவதில்லை. 'தட்டு 03: கோப்பாய், நல்லூர்ப் பாடசாலை மலர்கள்' என்பது போன்ற ஒட்டுச்சீட்டும், அதனோடு ஒரு பட்டியலும் இருப்பின், அத்துண்டு தகுந்த கைகளைச் சென்றடையும்.

சில எச்சரிக்கைகள்

பட்டியலும் ஓர் ஆவணமே. அதில் மாணவரின் பெயர்களும், பரீட்சைத் தாள்களின் பெயர்களும், சொந்தக் கடிதங்களின் பெயர்களும் இடம்பெறும். ஆதலின் பொதுக் கணினியிற் பட்டியலை விட்டுச் செல்லலாகாது. பிறருக்குக் கொடுக்குமுன் தனிப்பட்ட பகுதிகளை நீக்கிக் கொடுத்தல் வேண்டும். நிறுவனக் கணினியில் வெளி மென்பொருளை இயக்குமுன் பொறுப்பாளரின் இசைவைப் பெறுவது மரியாதையும் பாதுகாப்புமாகும். கணினிக்குக் கணினி மாறும் பென் டிரைவ் வழியாக வைரஸ்கள் பரவுவதை யாவரும் அறிவர். மென்பொருளை அதனை ஆக்கியோரின் சொந்தத் தளத்திலிருந்தே பெறுக. பட்டியல் பிரதி ஆகாது என்பதையும் மறத்தலாகாது. பட்டியல் பொருளைக் காட்டுமேயன்றிப் பொருளாக மாறாது.

இவையனைத்துக்கும் வேண்டும் காலம் மிகுதியன்று. பத்துத் தட்டுகளுக்கு எண்ணிட்டு ஒட்டுச்சீட்டு ஒட்டவும், பட்டியல்களை ஆக்கவும் ஒரு விடுமுறை நாளின் முற்பகல் போதும். பெயர்களைத் திருத்துவதே நெடும்பணி. அதனைச் சிறிது சிறிதாகச் செய்யலாம். பாடசாலைத் தமிழ் மன்றங்களும் வாசகர் வட்டங்களும் இதனைக் கூட்டு முயற்சியாக மேற்கொண்டால் நன்று. மாணவர் நால்வர் ஒரு மூத்த ஆசிரியரின் இல்லத்திற்குச் சென்று, அவர் அருகிலிருந்து 'இது இன்னாரின் குரல், இது இன்ன ஆண்டு' என்று சொல்லச் சொல்ல, கோப்புகளுக்குப் பெயரிட்டுப் பட்டியலை ஆக்கி, ஒரு பிரதியை அவரிடமும் ஒரு பிரதியை மன்றத்திலும் வைக்கலாம். மென்பொருள் கோப்பின் அளவையும் திகதியையும் தானே எழுதிவிடும். ஒலிப்பதிவில் ஒலிப்பது யாருடைய குரல் என்பதை அறிந்தவர் இருக்கும்போதே கேட்டு எழுதிக்கொள்வது நம் கடமை. அப்பணியை எந்த மென்பொருளும் நமக்காகச் செய்யாது.